பாதம் தெரியாத வாள்வீச்சு: ரஞ்சனுக்காக வாங்கிய 'சந்திரலேகா' டிவிடி

'சந்திரலேகா' என்றதும் எல்லோருக்கும் முரசு நடனம்தான் நினைவுக்கு வரும். நான் இந்த டிவிடியை வாங்கியது, அதில் இளவரசன் சசாங்கனாக வரும் ரஞ்சனுக்காக. வாள்வீச்சும் நடனமும் முறையாகக் கற்ற ஒரு நடிகரின் உடலசைவை, நிறுத்தி நிறுத்தி, வேண்டிய இடத்தில் பின்னோக்கிச் சென்று பார்க்க வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை. அந்த ஆசையை இந்தத் தட்டு பாதிதான் நிறைவேற்றியது.

1918இல் பிறந்த வேங்கடரமண சர்மாதான் திரையில் ரஞ்சன் ஆனார். 1941இல் 'அசோக்குமார்' மூலம் அறிமுகமாகி, 1943இல் வெளிவந்த 'மங்கம்மா சபத'த்தில் தந்தை, மகன் என இரு வேடங்கள் ஏற்றார். 1945இல் வந்த 'சாலிவாஹனன்' படத்தில் இவர் கதாநாயகன். எதிர்த்து நிற்கும் விக்கிரமாதித்தனாக நடித்தவர் எம்.ஜி.ஆர். வாள்சண்டை நாயகன் என்றால் எம்.ஜி.ஆர். முகம் மட்டுமே நினைவில் எழும் தலைமுறைக்கு இது வியப்பாக இருக்கலாம். எஸ்.எஸ். வாசனின் ஜெமினி தயாரிப்பாக 1948இல் வெளியான 'சந்திரலேகா'வில், எம்.கே. ராதாவுக்கு நாயகன் வேடமும் ரஞ்சனுக்கு வில்லன் வேடமும் அமைந்தன. ஆனால் படம் முடிந்த பிறகும் மனத்தில் நிற்பவன் சசாங்கன்தான் என்பேன்.

அதற்குச் சான்றாக ஒரு காட்சி போதும். தன்னிடம் அகப்பட்ட சந்திரலேகாவைச் சவுக்கைக் காட்டி ஆட வைக்கும் இடத்தில், ரஞ்சன் குரலை உயர்த்திக் கொடுமையைக் காட்டுவதில்லை. உதட்டோரம் ஒரு புன்னகை மட்டும் நெளிகிறது, டி.ஆர். ராஜகுமாரியின் அச்சத்தை அவர் சுவைத்துப் பார்ப்பதைப் போலிருக்கிறது. நாடக மேடையின் உரத்த உச்சரிப்பே நடிப்பெனக் கருதப்பட்ட காலத்தில் இத்தனை அடக்கம் அரிது. இந்தக் காட்சியை இத்தட்டு நன்றாகவே காட்டுகிறது. கறுப்பு வெள்ளையின் அழுத்தம் கெடவில்லை, முகங்கள் தெளிவாக இருக்கின்றன, வசனமும் பெரும்பாலும் இரைச்சலின்றிக் கேட்கிறது.

ஆனால் எதற்காக வாங்கினேனோ அந்தக் கத்திச்சண்டைதான் பாழாகியிருக்கிறது. அந்நாளைய படங்களின் சட்டகம் ஏறக்குறையச் சதுரமானது. இக்கால அகலத் திரை முழுவதும் நிரம்ப வேண்டும் என்று, தட்டைத் தயாரித்தவர்கள் மேலும் கீழும் வெட்டிவிட்டார்கள். வாள்வீச்சில் கை செய்வதைவிடக் கால் செய்வதுதான் அதிகம். எதிரி ஓரடி வைக்கும்போது பின்னங்காலில் எடையை மாற்றிப் பின்வாங்குவதிலும், மறுகணமே முன்னங்காலை நீட்டிப் பாய்வதிலும்தான் பயின்றவர் யார், பாவனை செய்பவர் யார் என்பது தெரியும். உச்சகட்டத்தில் அண்ணனாக வரும் ராதாவும் தம்பியாக வரும் ரஞ்சனும் மோதும் அந்த நீண்ட சண்டையில், ரஞ்சனின் பாதங்கள் பல இடங்களில் சட்டகத்துக்குக் கீழே போய்விடுகின்றன. முழங்காலுக்கு மேல் மட்டும் தெரியும் வாள்வீரனை எவ்வளவு நேரம் ரசிக்க முடியும்? தொலைக்காட்சியின் அளவை மாற்றிப் பார்த்தேன். வெட்டுப்பட்ட பகுதி தட்டிலேயே இல்லாதபோது எப்படித் திரும்பி வரும்? போதாததற்கு, நிறுவனத்தின் முத்திரை படம் நெடுகிலும் வலது மூலையில் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

உறையைப் பற்றியும் சொல்ல வேண்டும். முரசு இருக்கிறது, ராஜகுமாரி இருக்கிறார், ராதா இருக்கிறார். ரஞ்சனின் முகம் எங்குமே இல்லை. அதே ஜெமினியின் 'நிஷான்' என்ற இந்திப் படத்தில் 1949இல் இரட்டை வேடம் ஏற்றவர், 1957இல் 'நீலமலைத் திருடன்' நாயகனாகத் தமிழகத்தைக் கவர்ந்தவர், 1983இல் அமெரிக்காவில் காலமானார். அவருடைய வாழ்க்கையைப் பற்றி உறையின் உட்புறத்தில் நான்கு வரி அச்சிட்டிருந்தால் என்ன செலவாகியிருக்கும்? ஏறக்குறைய 30 லட்சம் ரூபாயை அந்தக் காலத்திலேயே கொட்டி எடுக்கப்பட்ட படத்துக்கு, நடிகர் பட்டியல்கூட இல்லாத ஒற்றைத் தாள் உறை பொருந்தவே இல்லை.

ராஜகுமாரிக்காகவோ முரசு நடனத்துக்காகவோ வாங்குவோர் தாராளமாக வாங்கலாம். ரஞ்சனுக்காக வாங்குவோர், முழுச் சட்டகத்தில் பதிவான தட்டுதானா என்று கடையில் போட்டுக் காட்டச் சொல்லி, நேராகக் கடைசிச் சண்டைக்குச் சென்று, கால்கள் தெரிகின்றனவா என்று பார்த்துவிட்டுப் பணம் கொடுங்கள்.