ஸவ்ஜி கோப்புகளை ஒருங்குறிக்கு மாற்றுதல்: கவனிக்க வேண்டியவை

ஸவ்ஜி என்ற பழைய பர்மிய எழுத்துருக் குறியாக்கத்தை விட்டு, மியான்மர் 2019 அக்டோபர் 1 அன்று அதிகாரபூர்வமாக ஒருங்குறிக்கு (யுனிகோடு) மாறியது. பியிதாவுங்சு, படவுக், நோட்டோ சான்ஸ் மியான்மர் ஆகிய மூன்று ஒருங்குறி எழுத்துருக்களுமே அன்றாட வேலைக்குத் தாராளமாகப் போதும். தொல்லையெல்லாம் அதற்கு முன் ஸவ்ஜியில் சேர்ந்துபோன கோப்புகளில்தான்.

நம் பழைய தமிழ் எழுத்துருவான பாமினி ஆங்கில எழுத்துகளின் இடத்தில் உட்கார்ந்தது. பார்த்ததுமே பழைய குறியாக்கம் என்று தெரிந்துவிடும். ஸவ்ஜியோ ஒருங்குறி மியான்மருக்கு ஒதுக்கிய எண்களையே வேறு வேலைக்கு எடுத்துக்கொண்டது. 1039 என்ற எண் ஒருங்குறியில் மெய்களை ஒன்றன்கீழ் ஒன்றாக அடுக்கும் குறி; ஸவ்ஜியில் அதுவே நம் புள்ளி மாதிரி உயிரை நீக்கும் அசத். 'மியன்மா' என்று ஸவ்ஜியில் அடித்ததை ஒருங்குறி எழுத்துருவில் திறந்தால் முதலில் ஒரு புள்ளிவட்டம் துருத்தும், ன-வுக்கு அடியில் ம போய் ஒட்டிக்கொள்ளும். ஷான், மோன், கரேன் மொழிகளுக்கான இடங்களும் பர்மிய எழுத்தின் மாற்று வடிவங்களுக்கே போய்விட்டன. அந்த மக்களுக்கு இது பெரிய அநியாயம். ஸவ்ஜி கைபேசியில் அவர்கள் மொழியைப் படிக்கவே வழியில்லை.

தேடலும் கெடும். எகரக் கொம்பு (1031) ஒருங்குறியில் நம் 'கெ' போலவே மெய்க்குப் பின்னால் சேமிக்கப்படும், ஸவ்ஜியில் முன்னால். எழுத்துக்குக் கீழே வரும் அடிப்புள்ளிக்கு ஸவ்ஜியில் 1037, 1094, 1095 என்று மூன்று எண்கள். கண்ணுக்கு ஒரே சொல்தான், கணினிக்கு மூன்று.

மாற்றுவதற்கு முன் எது எந்தக் குறியாக்கம் என்று பிரிக்க வேண்டும். கூகுளின் மியான்மர் டூல்ஸ் என்ற கருவி ஒரு சரத்துக்கு (ஒரு துண்டு உரைக்கு) 0 முதல் 1 வரை மதிப்புக் கொடுக்கும். 0.95க்கு மேல் வந்தால் ஸவ்ஜி, மாற்றலாம்; 0.05க்குக் கீழே என்றால் ஒருங்குறி, தொடவேண்டாம். இடைப்பட்டவற்றைப் பர்மியம் படிக்கத் தெரிந்தவர்தான் பார்க்க வேண்டும். ஓரிரு எழுத்துள்ள பெயர்கள் பெரும்பாலும் இங்கேதான் மாட்டும்.

முழுக் கோப்பையும் ஒரேயடியாகச் சோதிக்காதீர்கள். ஒரே எக்செல் தாளில் இரண்டும் கலந்திருப்பது சகஜம். ஒவ்வொரு கட்டத்தையும் (cell) தனித்தனியாக ஓட்டுங்கள். மூலத்தைத் தனிப் பத்தியில் (column) வைத்து, மாற்றிய வரிக்கு அடையாளம் போடுங்கள். ஏற்கெனவே ஒருங்குறியில் இருப்பதை மறுபடி மாற்றினால் அசத் எல்லாம் யகரக் குறியாகிவிடும். அதை மீட்பது பெரும்பாடு.

மாற்றி முடித்தபின் இன்னும் ஒன்று பாக்கி. பர்மிய 'வ' எழுத்தும் சுழியமும் (1040) ஒரே வட்டம். தட்டச்சு செய்தவர்கள் ஒன்றுக்குப் பதில் மற்றொன்றை அடித்திருப்பார்கள். பக்கத்தில் உயிர்க்குறியோ அசத்தோ ஒட்டியிருக்கும் சுழியங்களைத் தேடி 'வ' ஆக்குங்கள். தொலைபேசி எண், தேதிப் பத்திகளில் மட்டும் எதிர்த்திசையில் சோதியுங்கள். அங்கே எண்ணுக்குள் 'வ' புகுந்திருக்கும்.