மூன்று வேலைக் கடிதங்கள்: துபாயா, மாலத்தீவா, தாய்லாந்தா?

என்னிடம் பத்தாம் வகுப்பில் படித்த பெண் இப்போது எம்.ஏ., பி.எட். முடித்து, மூன்று ஆண்டு அனுபவமும் பெற்றுவிட்டாள். சென்ற மாதம் மூன்று வேலைக் கடிதங்களை என் சாப்பாட்டு மேஜையில் வரிசையாக வைத்து, "எதை எடுக்கட்டும், மிஸ்?" என்று கேட்டாள். ஒன்று துபாயில் ஒரு சி.பி.எஸ்.இ. பள்ளி. இன்னொன்று மாலத்தீவின் வடகோடியில் ஒரு தீவில் அரசுப் பள்ளி. மூன்றாவது தாய்லாந்தில், ஏஜென்சி வழியாக. மூன்றிலும் பதவியின் பெயர் ஆங்கில ஆசிரியர்தான். சம்பளத் தொகையின் மேல் விரலை வைத்து மறைத்துக்கொண்டு, "மீதியைப் படி" என்றேன். மாலத்தீவில் நான்கு ஆண்டும், வளைகுடாவில் ஆறு ஆண்டும் வேலை பார்த்தவள் நான். அந்தத் தொகையை மட்டும் பார்த்துப் புறப்பட்டவர்கள் பட்ட பாட்டை அருகில் இருந்து கண்டிருக்கிறேன்.

துபாய்க் கடிதத்தில் கொட்டை எழுத்தில் இருப்பது மொத்தச் சம்பளம். அதில் அடிப்படைச் சம்பளம் எவ்வளவு, படிகள் எவ்வளவு என்பதுதான் முக்கியம். அமீரகச் சட்டப்படி, குறைந்தது ஓர் ஆண்டு முடித்தவருக்கு வேலையை விட்டு வரும்போது பணிக்கொடை உண்டு. முதல் ஐந்து ஆண்டுகளுக்கு ஆண்டுக்கு 21 நாள் சம்பளம், அதற்குமேல் 30 நாள். ஆனால் கணக்குப் போடுவது அடிப்படைச் சம்பளத்தை வைத்து மட்டுமே. அடிப்படையைக் குறைத்து, படிகளை உயர்த்திக் காட்டினால் மாதாமாதம் ஒன்றும் தெரியாது. ஊர் திரும்பும் நாளில்தான் தெரியும்.

அங்கே உள்ள இந்தியப் பள்ளிகளில், கணவரின் விசாவில் இருந்துகொண்டு கற்பிக்கும் பெண்கள் ஏராளம். வாடகையைக் கணவரின் சம்பளம் பார்த்துக்கொள்ளும் என்ற கணக்கிலேயே பல பள்ளிகள் சம்பளத்தை வைத்திருக்கின்றன. தனியாகப் போகிற பெண்ணுக்கு அது கட்டுப்படியாகாது. பள்ளி வீடு தருகிறதா, தந்தால் எத்தனை பேருக்கு ஓர் அறை என்பது எழுத்தில் வர வேண்டும். வருமான வரி இல்லை என்பது பெரிய ஆறுதல்தான். ஆனால் வரியில் மிச்சமானது வாடகையில் போய்விடக் கூடாது.

வேலை என்று பார்த்தால் நம் ஊர்ப் பள்ளியேதான். போர்ஷன் முடிக்க வேண்டும், நோட்டுகளைத் திருத்த வேண்டும், பொதுத் தேர்வுக்குத் தயார் செய்ய வேண்டும். பிள்ளைகளில் பலர் வீட்டிலேயே ஆங்கிலம் பேசுகிறவர்கள். ஆங்கிலம் அறவே தெரியாத குழந்தைக்கு அந்த மொழியைத் திறந்துவிடும் வாய்ப்பு அங்கே அபூர்வம்.

அந்த வாய்ப்பு எனக்கு மாலத்தீவில் கிடைத்தது. முதல் வாரம், ஒரு சிறுவன் ஆங்கில நோட்டைக் கடைசிப் பக்கத்திலிருந்து திறந்து எழுதத் தொடங்கினான். கவனக்குறைவு என்று நினைத்துத் திருப்பிக் கொடுத்தேன். மறுநாளும் அப்படியே. பிறகுதான் எனக்கு உறைத்தது: அவர்கள் திவேஹி மொழியை எழுதும் தானா எழுத்து வலமிருந்து இடமாகப் போவது. அவன் கை பழகிய வழியிலேயே போயிருக்கிறது. அன்றிலிருந்து கரும்பலகையின் இடது ஓரத்தில் ஒரு சிறு மீன் வரைந்துவிட்டுத்தான் எழுதத் தொடங்குவேன். மீனிடமிருந்து புறப்பட வேண்டும் என்பது வகுப்பின் விதியானது.

அந்த நாட்டில் திவேஹியும் இஸ்லாமும் தவிர, கணக்கு, அறிவியல் என்று மற்றப் பாடங்களை ஆங்கிலத்தில்தான் படிக்கிறார்கள். ஆங்கிலம் பிடிபடாத பிள்ளைக்குக் கணக்கும் பிடிபடாது. பத்தாம் வகுப்பில் கேம்பிரிட்ஜ் தேர்வு. ஆங்கில ஆசிரியரின் உழைப்பு பள்ளி முழுவதையும் தாங்குகிறது. அந்தப் பொறுப்பை இளம் வயதில் சுமந்து பார்க்க வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம்.

சிரமங்களையும் மறைக்காமல் அவளிடம் சொன்னேன். மக்கள் வாழும் தீவுகள் ஏறத்தாழ 190. பலவற்றை அரை மணி நேரத்தில் சுற்றி வந்துவிடலாம். படகு வந்தால்தான் தக்காளி. பிற மதத்தினர் பொது இடத்தில் வழிபட முடியாது; சுவாமி சிலையைச் சுங்கத்தில் விடமாட்டார்கள். தினமும் விளக்கேற்றிப் பழகியவர்கள் இதைப் புறப்படும் முன்பே யோசிக்க வேண்டும். பணம் இன்னொரு சிக்கல். சம்பளம் அந்த நாட்டு நாணயமான ருஃபியாவில். அதிகாரபூர்வ விகிதம் டாலருக்கு 15.42, ஆனால் டாலர் தட்டுப்பாட்டால் அந்த விகிதத்தில் வேண்டிய அளவு ஊருக்கு அனுப்ப முடிவதில்லை. கடன் தவணை கட்ட வேண்டியவருக்கு இது வயிற்றைக் கலக்கும் விஷயம்.

தாய்லாந்துக் கடிதத்தில் அதிக நேரம் செலவிடவில்லை. பத்து மாத ஒப்பந்தம். மார்ச், ஏப்ரல் விடுமுறைக்குச் சம்பளம் கிடையாது. 'முதலில் சுற்றுலா விசாவில் வாருங்கள், பிறகு மாற்றித் தருகிறோம்' என்று வேறு எழுதியிருந்தார்கள். வேலை அனுமதி இல்லாமல் வகுப்பில் நின்றால் சட்டத்தின் முன் குற்றவாளி ஆவது அவள்தான், ஏஜென்சி அல்ல. அங்கே பல விளம்பரங்கள் தாய்மொழி ஆங்கிலம் உள்ளவர்களை மட்டுமே கேட்கின்றன. ஒரே வேலைக்குப் பாஸ்போர்ட்டைப் பார்த்துச் சம்பளம் மாறுகிறது. இலக்கணத்தை நம்மைப் போல் விளக்கத் தெரியாதவருக்கும் பிறந்த நாட்டுக்காகக் கூடுதல் சம்பளம் தருவதை நினைத்தால் எனக்கு இன்றும் ஆத்திரம் வருகிறது. ஆனாலும் நேரடியாக ஒரு நல்ல பள்ளி முறையான விசாவோடு அழைத்தால் தாய்லாந்தைத் தள்ளமாட்டேன்.

"கொரியா?" என்று கேட்டாள். அங்கே ஆங்கிலம் கற்பிக்கும் விசா பொதுவாக ஆங்கிலம் பேசும் ஏழு நாட்டவருக்கே. 2010-இல் நடைமுறைக்கு வந்த இந்தியா-கொரியா வர்த்தக ஒப்பந்தம் ஆசிரியர் தகுதி பெற்ற இந்தியர்களுக்கும் வழி திறந்தது. ஆனால் உதவி ஆசிரியராக மட்டும்.

கடன் இல்லாதவளாக இருந்தால் யோசிக்காமல் மாலத்தீவு என்றிருப்பேன். அவளுக்கோ கல்விக் கடன் பாக்கி இருக்கிறது. அதனால் அன்றிரவே இரண்டு மின்னஞ்சல்கள் எழுதினோம். துபாய்க்கு: அடிப்படைச் சம்பளம் எவ்வளவு, தங்குமிடம் யார் பொறுப்பு? மாலத்தீவுக்கு: அங்கே இப்போது வேலை பார்க்கும் இந்திய ஆசிரியர் ஒருவரிடம் பேச முடியுமா, மாதம் எவ்வளவு ஊருக்கு அனுப்புகிறார்? துபாயிலிருந்து இன்னும் பதில் இல்லை. மாலத்தீவுப் பள்ளியிலிருந்து நான்காம் நாள், திருநெல்வேலிக்காரர் ஒருவரின் தொலைபேசி எண் வந்தது. கணக்கு வாத்தியார். ஞாயிறு முதல் வியாழன் வரை பள்ளி என்பதால் வெள்ளிக்கிழமை காலையில் கூப்பிடச் சொல்லியிருக்கிறார்.