குழிவிரியன் தலை மாதிரி: கருவி சிறப்பு, கையேடு போதாது

உயிரியல் வகுப்புகளுக்கென விற்கப்படும் பாம்புத் தலை மாதிரிகள் சில, கண்ணுக்கும் நாசித் துளைக்கும் நடுவே வெறும் பள்ளத்தை மட்டும் தோண்டிவிட்டு, அதற்குக் குழிவிரியன் (அவ்விடத்தில் வெப்பம் உணரும் குழி கொண்ட நச்சுப்பாம்பு) என்று பெயர் சூட்டிவிடுகின்றன. பிசினில் வார்க்கப்பட்டு, நெடுக்காக இரு பகுதிகளாகப் பிரியும் இந்தப் பெரிதாக்கப்பட்ட மாதிரியில் அக்குறை இல்லை. இதை நான் பரிந்துரைப்பதற்கு அதுவே முதற்காரணம்.

பக்கத் தகட்டைக் கழற்றினால், குழியின் உட்பகுதியை ஒரு மெல்லிய சவ்வு முன்னறை, பின்னறை என இரண்டாகப் பிரிப்பது தெளிவாகத் தெரிகிறது. உயிருள்ள பாம்பில் ஏறத்தாழ 15 மைக்ரோமீட்டர் தடிமனே உள்ள அந்தச் சவ்வின் இருபுறமும் காற்று இருப்பதால்தான், இரையின் உடலிலிருந்து வரும் அகச்சிவப்புக் கதிர் பட்டதும் அது உடனே சூடேறுகிறது. பின்னாலுள்ள திசுவோடு அது ஒட்டியிருந்தால் வெப்பம் உடலுக்குள் கடந்துபோய்விடும், ஒரு டிகிரி செல்சியஸில் நூற்றில் ஒரு பங்கிற்கும் குறைவான மாற்றத்தை உணரும் ஆற்றலும் வாய்த்திருக்காது. இந்தக் காற்றிடைவெளியை மாணவர் விரலால் தொட்டு உணர முடிவது, எந்தப் படத்தாலும் தர இயலாத பயன். சவ்விலிருந்து புறப்படும், முக உணர்வுகளை மூளைக்குக் கொண்டுசெல்லும் முக்கிளை நரம்பின் இழைகளும் தனி நிறத்தில் காட்டப்பட்டுள்ளன.

எலும்புப் பகுதியும் பாராட்டுக்குரியது. நச்சுப்பல்லைத் தாங்கும் மேல்தாடை எலும்பு குட்டையாக அமைந்து சுழல்வதையும், குழிக்கு இடமளிக்க அதே எலும்பு குடைவாக இருப்பதையும் ஒருசேரக் காணலாம். குழி இல்லாத கண்ணாடி விரியனின் மண்டையோட்டில் இக்குடைவு கிடையாது. பல்லை மடக்கி விரிக்கும் கீல் மட்டும் சில வாரப் பயன்பாட்டிலேயே தளர்ந்துவிடுகிறது.

உடன் வரும் கையேடுதான் ஏமாற்றம் அளிக்கிறது. ஆசியாவிலும் அமெரிக்கக் கண்டங்களிலும் 250-க்கும் மேற்பட்ட குழிவிரியன் இனங்கள் வாழ்கின்றன. கையேடோ ஏறக்குறைய முழுவதையும் வால் நுனியால் ஒலியெழுப்பும் கிலுகிலுப்பை விரியன்களுக்கே ஒதுக்கியிருக்கிறது. ஒரே இனத்திற்குள் பச்சை, பழுப்பு, மஞ்சள் எனப் பல நிறங்களில் காணப்படும் மலபார் குழிவிரியனுக்கு ஒரு வரியும் இல்லை. பிரேசிலின் கெய்மாடா கிராண்டி தீவில் மட்டுமே வாழும் பொன்னிறக் குழிவிரியனுக்கும் அதே கதிதான். குழிவிரியன்கள் அனைத்தும் குட்டி ஈனும் என்ற கையேட்டின் வாக்கியம் தவறானது: பெரும்பாலானவை குட்டி ஈன்றாலும், அமெரிக்க வெப்பமண்டலக் காடுகளின் புஷ்மாஸ்டரும் தென்கிழக்காசியாவின் மலாயக் குழிவிரியனும் முட்டையிடுபவை. மலைப்பாம்புகளின் வெப்பம் உணரும் உதட்டுக் குழிகள் தனியே பரிணமித்தவை என்பதையும் சொல்லியிருக்க வேண்டும். மாணவர்கள் இவ்விரண்டையும் எளிதில் குழப்பிக்கொள்கிறார்கள்.

இளநிலை விலங்கியல் ஆய்வகங்கள் தயங்காமல் இதை வாங்கலாம். இன வேறுபாடுகளைக் கற்பிக்கும் ஆசிரியர்கள், கையேட்டை ஒதுக்கிவிட்டுத் தாமே குறிப்புகளைத் தயாரித்துக்கொள்வது நல்லது.