ஹெச்ஏஎல் விமான அருங்காட்சியகம், பெங்களூரு: மாருத் ஓட்டிய தாத்தாவோடு ஒரு காலை

விமானம் செய்யும் அரசு நிறுவனமான ஹெச்ஏஎல்-இன் பெங்களூரு அருங்காட்சியகத்துக்கு இது எனக்கு மூன்றாவது தடவை. முதல் இரண்டு தடவையும் பையனை விமானங்கள் முன்னால் நிறுத்தி போட்டோ எடுத்துவிட்டு ஒரு மணி நேரத்தில் கிளம்பிவிட்டோம். இந்த முறை எங்கள் கீழ் வீட்டுத் தாத்தாவும் வந்தார். எண்பதைத் தாண்டியவர், 1971 இந்தியா-பாகிஸ்தான் போரில் மாருத் என்ற போர் விமானத்தை ஓட்டியவர். மூன்றரை மணி நேரம் போனதே தெரியவில்லை.

2001-இல் தொடங்கிய இடம். உள்ளே பழைய படங்கள், எஞ்சின்கள், வெளியே விமானங்கள். எல்லாம் நன்றாகவே இருக்கிறது, ஆனால் தாத்தா எதையும் பார்க்காமல் நேராக மாருத்திடம் போய் நின்றார். ஜெர்மானியரான குர்ட் டாங்க் வடிவமைக்க, இதே பெங்களூரில் செய்து, 1961 ஜூன் 17 அன்று முதலில் பறந்த விமானம் அது.

"வேகம் பத்தாதுடா கண்ணா. சத்தத்தை விட வேகமாப் போகணும்னுதான் செஞ்சாங்க, அதுக்கேத்த எஞ்சின் கடைசி வரைக்கும் கிடைக்கலை. ஆனா தரையை ஒட்டிப் பறக்க இது மாதிரி ஒண்ணு கிடையாது" என்றார். ராஜஸ்தான் எல்லையில் மணல்மேடுகளுக்கு மேலே போகும்போது விமானத்தின் நிழல் பக்கத்திலேயே ஓடி வருமாம், அது கிட்ட நெருங்கினால் ரொம்பத் தாழ்ந்துவிட்டோம் என்று அர்த்தம், மீட்டரைப் பார்க்க நேரம் இருக்காது, நிழலைத்தான் பார்ப்போம் என்று கையைத் தாழ்த்திக் காட்டினார். 30 மில்லிமீட்டர் பீரங்கி நான்கு, எல்லாவற்றையும் சேர்த்து அழுத்தினால் விமானமே உதறுமாம்.

இரண்டு எஞ்சின் இருந்ததால் பிழைத்தவர்கள் உண்டு. தரையிலிருந்து சுட்டதில் ஒன்று போன பிறகும் இன்னொன்றை வைத்துக்கொண்டு மூன்று மாருத்களாவது திரும்பியிருக்கின்றன, அதில் ஒன்று எதிரி எல்லைக்குள் சுமார் 240 கிலோமீட்டர் உள்ளேயிருந்து தனியாக வந்தது. இதைச் சொல்லும்போது அவர் குரலில் அப்படி ஒரு பெருமை.

"நீங்க சுட்டீங்களா தாத்தா?" என்று பையன் கேட்டுவிட்டான். "சுட்டேன். கீழே இருந்தவங்களும் சுட்டாங்க." அப்புறம் கொஞ்ச நேரம் பேசவில்லை. காலையில் டீ குடித்த ஆள் ராத்திரி மெஸ்ஸில் இல்லை, நாற்காலியை யாரும் நகர்த்தவில்லை என்று மட்டும் சொன்னார். பையன் அவர் விரலைப் பிடித்துக்கொண்டான்.

பக்கத்தில் நின்றிருந்த இரண்டு கல்லூரிப் பையன்களும் ஒரு குடும்பமும் அதற்குள் எங்களைச் சுற்றி நின்றுவிட்டார்கள். பலகையில் எடையும் நீளமும் படிக்கலாம், இதையெல்லாம் எங்கே படிப்பது? உங்கள் தெருவிலோ சொந்தத்திலோ விமானப்படைப் பெரியவர் யாராவது இருந்தால் தயவுசெய்து கூட்டிப் போங்கள், கேளுங்கள், 1971-இல் பறந்தவர்களில் மிச்சம் இருப்பவர்கள் எல்லாருக்கும் எழுபதுக்கு மேல் ஆகிவிட்டது.

காலையிலேயே போவது நல்லது, வெளியே வெயில் ஏறிவிடும், பெரியவர்களுக்குத் தொப்பியும் தண்ணீரும் அவசியம். அடுத்த மாதம் தான் பறந்ததையெல்லாம் குறித்து வைத்த பழைய லாக்புக்கை எடுத்துக்கொண்டு வருகிறேன் என்றிருக்கிறார் தாத்தா. பையன் இப்போதே நாள் எண்ண ஆரம்பித்துவிட்டான்.