டிரேட் சர்டிபிகேட்டும் டி.ஆரும்: சேலத்தில் லோடு வண்டி விற்கும் ஒருவரின் அனுபவம்

ஷோரூம் திறக்கப் போகிறவர்கள் என்னிடம் முதலில் கேட்பது, "டிசி வாங்க ரொம்ப அலையணுமாங்க?" என்றுதான். டிசி என்றால் டிரேட் சர்டிபிகேட், பதிவாகாத வண்டியை டீலர் சாலையில் எடுக்க உதவும் சான்று. அலைச்சல் இப்போது குறைந்துவிட்டது. காகிதம் சரியாக இருந்தால் டிசி தானாக வந்துவிடும். அது கையில் வந்த பிறகு, நம்பர் விழாத வண்டி எதையும் கேட்டைத் தாண்ட விடாமல் வருஷக்கணக்கில் பிடித்து நிறுத்துவதற்குத்தான் தெம்பு வேண்டும்.

சீலநாயக்கன்பட்டி பக்கம் சின்ன லோடு வண்டிகள் விற்கிறோம். லீ பஜார் மண்டிக்காரர்கள், ஆத்தூர் பக்கத்து சேகோ (ஜவ்வரிசி) ஆலைக்காரர்கள், இளம்பிள்ளை சேலை வியாபாரிகள், ஏற்காட்டு எஸ்டேட்காரர்கள், இவர்கள்தான் எங்கள் வாடிக்கையாளர்கள். 2017-ல் முதல் டிரேட் சர்டிபிகேட் எடுத்தோம். பழைய முறையிலும் ஓட்டியிருக்கிறேன், புதிய முறையிலும் ஓட்டிக்கொண்டிருக்கிறேன்.

தெரியாதவர்களுக்காக ஒரு வார்த்தை. பதிவு ஆகாத வண்டி சாலையில் ஓடக் கூடாது. ஆனால் டீலரிடம் இருக்கும் வண்டிகள் எல்லாமே பதிவாகாதவைதானே? யார்டிலிருந்து ஷோரூமுக்கு, ஷோரூமிலிருந்து ஆர்.டி.ஓ. ஆபீசுக்கு, எடை மேடைக்கு, பெயிண்டிங்குக்கு எப்படிக் கொண்டுபோவது? அதற்குத்தான் டிரேட் சர்டிபிகேட். எதற்கெல்லாம் அதைப் பயன்படுத்தலாம் என்பது மத்திய மோட்டார் வாகன விதிகள், 1989-லேயே பட்டியலாக இருக்கிறது. வாங்க வருகிறவருக்கு ஓட்டிக் காட்டுவதும் அதில் உண்டு. மச்சானின் வீட்டுக் கிரகப்பிரவேசத்துக்குச் சாமான் ஏற்றுவது அதில் இல்லை. இதைச் சொந்தக்காரர்களுக்குப் புரியவைப்பது போலீஸ்காரருக்குப் புரியவைப்பதைவிடக் கஷ்டம்.

முன்பெல்லாம் டிசி ஒரு வருஷத்துக்குத்தான். 16-ஆம் நம்பர் படிவத்தில் எழுதிக் கொடுக்க வேண்டும், 17-ஆம் படிவத்தில் சர்டிபிகேட் வரும். அடுத்த வருஷம் மறுபடியும் அதே கதை. இடத்தின் வாடகை ஒப்பந்தம், ஜி.எஸ்.டி. சான்று, கம்பெனி கொடுத்த டீலர் கடிதம், கடை போட்டோ எல்லாம் கட்டி எடுத்துக்கொண்டு போவோம். பிரேக் இன்ஸ்பெக்டர் (மோட்டார் வாகன ஆய்வாளர்) வந்து பார்த்துவிட்டுப் போவார். அவர் பார்த்தது போர்டில் இருக்கும் பேரும் காகிதத்தில் இருக்கும் பேரும் ஒன்றா, வண்டி நிறுத்த இடம் இருக்கிறதா என்பதைத்தான். இதற்கென்றே ஒரு புரோக்கர் எங்களிடம் வந்து, "நான் பாத்துக்கறேன் சார், நீங்க கையெழுத்து மட்டும் போடுங்க" என்றார். எங்கள் பேரில் கதவு எண்ணையே தப்பாக எழுதி ஃபைல் போட்டார். அதற்கப்புறம் எங்கள் கணக்குப்பிள்ளை அம்மாதான் எல்லாம் பார்க்கிறார். ஒரு குறையும் இல்லை.

2022 நவம்பர் 1 முதல் விதி மாறியது. விண்ணப்பம் வாகன் போர்ட்டலில், அதாவது அரசின் வாகனப் பதிவு இணையதளத்தில், கட்டணமும் அங்கேயே. பல வகை வண்டிகளுக்குச் சேர்த்து ஒரே விண்ணப்பம் போதும். செல்லுபடி ஐந்து வருஷம். ஆபீசில் 30 நாளைக்குள் முடிவு சொல்லாவிட்டால் அனுமதி கொடுத்ததாகவே கணக்கு. கம்பெனி கொடுக்கும் டீலர் அத்தாட்சிக்கும் 16ஏ என்று ஒரே மாதிரிப் படிவம் வந்துவிட்டது. முன்பு ஒவ்வொரு கம்பெனியும் அதனதன் லெட்டர்பேடில் அதனதன் இங்கிலீஷில் எழுதிக் கொடுத்துக்கொண்டிருந்தது. ஒரு விஷயத்தை மட்டும் கவனியுங்கள். அந்த அத்தாட்சியும் டிசியும் கைகோத்துத்தான் போகும். கம்பெனியோடு ஒப்பந்தம் முடிகிற தேதியை மறந்துவிட்டு டிசி தேதியை மட்டும் காலண்டரில் வட்டம் போட்டு வைத்துப் பிரயோஜனமில்லை.

டிசி பலகையில் சிவப்புப் பின்னணியில் வெள்ளை எழுத்து. ஒரு பலகையை ஒரு நேரத்தில் ஒரு வண்டிக்குத்தான் மாட்டலாம். பழைய விதிப்படி 19-ஆம் படிவத்தில் ஒரு பதிவேடு, பக்க எண் போட்ட பைண்டு புத்தகம், இரண்டு பிரதி. வண்டி கிளம்பும் முன் எங்கே, எதற்கு, யார் ஓட்டுகிறார் என்று எழுதி, நகலை டிரைவர் கையில் கொடுத்து அனுப்ப வேண்டும். எங்கள் ஷோரூமில் அந்தப் புத்தகம் சாவி மாட்டும் ஆணிக்குக் கீழேயே கயிற்றில் தொங்கும். எழுதாமல் யாரும் சாவியில் கை வைக்க முடியாது. சாமி படத்தை ஒட்டி மேஜை டிராயரில் வைத்திருந்தால் ஒருத்தனும் எழுதியிருக்க மாட்டான்.

டிரயலுக்கு வருகிறேன். ஏற்காட்டுக்காரர் வண்டி வாங்கினால் முதலில் கேட்பது விலை இல்லை. "லோடோட மேல ஏறுமா?" சேலத்திலிருந்து ஏறுகிற மலைப்பாதையில் 20 கொண்டை ஊசி வளைவுகள். மூட்டை ஏற்றிக்கொண்டு ஏறி, இறங்கும்போது பிரேக் எப்படிப் பிடிக்கிறது என்று பார்த்தால்தான் அவர்களுக்கு மனசு ஒப்பும். அது நியாயம்தான். ஆனால் அவர் எஸ்டேட்டுக்குப் போகிற உர மூட்டையை டிசி பலகை மாட்டிய வண்டியில் ஏற்றிப்போய் இறக்கிவிட்டு வந்தால் அது டிரயல் ஆகாது, ஓசி வாடகை. வழியில் நிறுத்திக் கேட்டால் பதில் சொல்ல முடியாது. அதனால் ஒரு வண்டியை ஷோரூம் பேரிலேயே முழுசாகப் பதிவு செய்து டெமோவுக்கு வைத்துவிட்டோம். மொத்த எடை 3000 கிலோவுக்குள் இருக்கும் சரக்கு வண்டி என்பதால் பெர்மிட் தொல்லையும் இல்லை. உள்ளூர் டிரயலுக்கு டிசி, மலைக்கு டெமோ வண்டி. காசு முடங்கும்தான். ஆனால் இத்தனை வருஷத்தில் நான் போட்ட பணத்தில் இதற்காக ஒருநாளும் வருத்தப்பட்டதில்லை.

இனி டி.ஆர். தற்காலிகப் பதிவு. டிசி வைத்திருப்பவர், தற்காலிகமாகவோ நிரந்தரமாகவோ பதிவு ஆகாமல் வண்டியை வாங்கியவரிடம் ஒப்படைக்கக் கூடாது. விதி 42. எங்கள் தொழிலின் முக்கால்வாசித் தலைவலி இந்த ஒரு வரியில் அடங்கிவிடும். சேலத்தில் வண்டி எடுப்பவர்களுக்கு நாள், நட்சத்திரம், நேரம் எல்லாம் உண்டு. ஆடி முழுக்க ஈ ஓட்டுவோம், ஆடிப்பெருக்கு அன்று மட்டும் மூச்சுவிட நேரமிருக்காது. ஆயுத பூஜைக்கும் அப்படித்தான்.

ஒரு வெள்ளிக்கிழமை. மண்டிக்காரர் ஒருவர் குடும்பத்தோடு வந்துவிட்டார். பத்தரைக்கு ராகு காலம். அதற்குள் வண்டி வெளியே போக வேண்டும். நாங்கள் போர்ட்டலில் விவரம் ஏற்றிவிட்டோம், ஓ.டி.பி. அவர் மகன் நம்பருக்குப் போகிறது. மகன் திருப்பூரில், போன் எடுக்கவில்லை. பெரியவர் கடிகாரத்தைப் பார்க்கிறார், என்னைப் பார்க்கிறார். "தம்பி, ராஜகணபதி கோயில் பக்கத்துலதானே? பூசை போட்டுட்டு இங்கயே கொண்டாந்து விட்டுடறேன். யாரு பாக்கப் போறாங்க?" நான் முடியாதுங்க என்று சொன்னால் வியாபாரமும் போகும், உறவும் போகும். சரி என்று அய்யரை ஷோரூமுக்கே வரவழைத்தோம். பந்தலுக்குக் கீழே வண்டியை நிறுத்தி, மாலை போட்டு, நாலு டயருக்கும் எலுமிச்சம்பழம் வைத்து, 10.20-க்குச் சாவியைப் பெரியவரின் வீட்டம்மா கையில் கொடுத்தோம். வண்டி நாலடி முன்னால் உருண்டது, பழம் நசுங்கியது, எல்லாருக்கும் திருப்தி. கேட்டுக்கு வெளியே போனது மத்தியானம், நம்பர் வந்த பிறகுதான். அன்றிலிருந்து இதுதான் எங்கள் வழக்கம். நேரம் பார்ப்பது சாவிக்கு, கேட் திறப்பது நம்பருக்கு.

சட்டத்தின் 2019 திருத்தத்துக்குப் பிறகு, விற்கிற மாநிலத்திலேயே பதிவாகும் புது வண்டிக்கு விண்ணப்பம் போடுவது டீலரின் பொறுப்பு. போடாமல் விட்டால் அபராதம் வருஷ வரியைப் போல் 15 மடங்கு அல்லது ஆயுள் வரி, இதில் எது அதிகமோ அது. எங்களைப் போன்ற ஆளுக்கு அது ஒரு வண்டியின் லாபத்தை மொத்தமாக விழுங்கிவிடும். அதனால் உள்ளூர்க்காரர் வாங்கும் முழு வண்டிக்கு டி.ஆர். பக்கமே போகாமல் நேராக நிரந்தரப் பதிவுக்குப் போய்விடுவதே மேல். டி.ஆர். இப்போது எங்களுக்கு உண்மையாகத் தேவைப்படுவது இரண்டு இடங்களில். பெங்களூரில் கடை வைத்திருக்கும் நம்மூர்க்காரர் இங்கே வாங்கி அங்கே பதிவு செய்வது ஒன்று. பாடி கட்டாத சேசிஸ், அதாவது இன்ஜினும் சக்கரமும் பூட்டிய வண்டியின் அடிச்சட்டம், இன்னொன்று.

சேசிஸ் விவகாரம் சேலம், நாமக்கல், சங்ககிரி வட்டாரத்துக்கே உரியது. ஓசூர் பக்கமிருந்து கேபின்கூட இல்லாத பெரிய லாரி சேசிஸ்களைத் தலையில் துண்டு கட்டிக்கொண்டு வெயிலில் ஓட்டிவரும் டிரைவர்களை நெடுஞ்சாலையில் பார்த்திருப்பீர்கள். எங்கள் வண்டிகள் சின்னவை, கேபினோடு வரும். பின்னால் தொட்டி மட்டும் கட்ட வேண்டும். டி.ஆர். போட்டு நாமக்கல்லில் பாடி கட்டும் பட்டறைக்கு அனுப்புவோம். பட்டறைக்காரர் சொல்லும் தேதியை நம்பிக் கல்யாணத் தேதி வைக்கக் கூடாது. ஒருமுறை ஆயுத பூஜைக்கு முன்னால் விட்ட வண்டி, ஷீட் வரவில்லை, வெல்டர் ஊருக்குப் போய்விட்டார் என்று தீபாவளி தாண்டியும் அங்கேயே நின்றது. டி.ஆர். காலம் முன்பு ஒரு மாதம்தான். பட்டறையில் மாட்டிக்கொண்ட சேசிஸுக்கு நீட்டிப்பு கேட்க விதிகளிலேயே இடம் உண்டு. பட்டறையிலிருந்து ஒரு கடிதம் வாங்கி, காலம் முடியும் முன்பே விண்ணப்பித்தால் சிக்கலில்லை. அதனால் டி.ஆரில் இருக்கும் கடைசித் தேதியை வண்டிக்காரர், பட்டறைக்காரர் இரண்டு பேருக்கும் வாட்ஸ்அப்பில் அனுப்பிவிடுகிறோம். பாடி கட்டி வந்த பிறகு எடை மேடை, அளவு, பிரேக் இன்ஸ்பெக்டர் பார்வை எல்லாம் முடிந்துதான் நிரந்தர நம்பர்.

டி.ஆர். நம்பர் பலகை மஞ்சளில் சிவப்பு எழுத்து. வாடகை வண்டியின் பலகை மஞ்சளில் கறுப்பு எழுத்து. தூரத்திலிருந்து பார்த்தால் இரண்டும் ஒன்றுபோலத்தான் தெரியும், அதிலும் தூசி படிந்துவிட்டால். டி.ஆர். நம்பர் 'டி' எழுத்தில் ஆரம்பித்து மாதம், வருஷம், மாநிலம் என்று போகும். இதைப் புதிதாய் வந்த காவலர் ஒருவருக்குக் கொண்டலாம்பட்டி ரவுண்டானாவில் எங்கள் டிரைவர் பாடம் எடுத்துவிட்டு வந்தார்.

போர்ட்டலைப் பற்றி. வேலை செய்யும் நாளில் அருமை. சேசிஸ் எண்ணையும் இன்ஜின் எண்ணையும் கொடுத்தால் கம்பெனி ஏற்றி வைத்த விவரம் தானாக வந்து நிற்கும். கம்பெனி ஏற்றவில்லை என்றால் நாம் தலைகீழாக நின்றாலும் வராது. வண்டி லாரியிலிருந்து இறங்கிய அன்றே ஒவ்வொன்றையும் போட்டுப் பார்த்துவிடுங்கள். வாங்குகிறவர் முன்னால் உட்கார்ந்து பார்க்காதீர்கள்.

சேசிஸ் பிரிண்ட் எடுப்பது இன்னும் கைவேலைதான். எங்கள் ஷோரூம் பையன் ஃபிரேமில் எண் அடித்த இடத்தை மண்ணெண்ணெய்த் துணியால் துடைத்து, ஸ்டிக்கர் தாளை ஒட்டி, பென்சிலைப் படுக்கவைத்து மெதுவாகத் தேய்ப்பான். 17 எழுத்தும் ஒவ்வொன்றாக வெள்ளையாகக் கிளம்பி வரும். அழுத்தித் தேய்த்தால் எட்டும் 'பி'யும் ஒன்றாகிவிடும். ஐ, ஓ, கியூ மூன்று எழுத்தும் சேசிஸ் எண்ணில் வரவே வராது. இது தெரிந்தால் பூஜ்யமா ஓவா என்ற சண்டையே கிடையாது.

அன்றன்றைக்கே போர்ட்டலில் ஏற்றிவிடும் பழக்கம் என்ன செய்யும் என்பதை 2020 காட்டியது. ஏப்ரல் 1 முதல் பி.எஸ். 6 (புதிய புகைக் கட்டுப்பாட்டு அளவு) வண்டிதான் விற்கலாம். மார்ச் கடைசியில் பி.எஸ். 4 ஸ்டாக்கைத் தள்ளிவிட எல்லாரும் பறந்துகொண்டிருந்தபோது ஊரடங்கு வந்தது. வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய், ஆகஸ்டில்தான் ஒரு முடிவு வந்தது. ஊரடங்குக்கு முன் விற்று, வாகனில் ஏற்றியிருந்த வண்டிகளுக்குப் பதிவு கொடுக்கலாம் என்றார்கள், டெல்லி வட்டாரம் நீங்கலாக. எங்கள் வண்டிகள் எல்லாம் ஏறியிருந்தன. பில்லை மட்டும் போட்டு, 'திங்கள்கிழமை ஏத்திக்கலாம்' என்று வைத்திருந்த டீலர்களின் கதை வேறு.

இப்போது என் கவனம் எக்ஸ்சேஞ்சில் வரும் பழைய வண்டிகள் மேல். பதிவான பழைய வண்டி வாங்கி விற்பவர்களுக்கும் 2023 ஏப்ரல் 1 முதல் தனி அனுமதிச் சான்று வந்திருக்கிறது. இதுவும் ஐந்து வருஷத்துக்குத்தான். வண்டி நம் கைக்கு வந்ததைப் போர்ட்டலில் தெரிவித்துவிட்டால், அடுத்தவருக்கு விற்கும்வரை நாம்தான் அதற்கு உரிமையாளர் மாதிரி. பெயர் மாற்றம், எஃப்.சி. (தகுதிச் சான்று) புதுப்பிப்பு, ஆர்.சி. நகல் எல்லாவற்றுக்கும் நாமே விண்ணப்பிக்கலாம். விற்றவர் பேரிலேயே வண்டி யார்டில் கிடந்து, கேமரா அபராதம் அவர் போனுக்குப் போய், அவர் நம்மை வைகிற நிலைமை இதில் இல்லை. டிசியை ஒழுங்காக நடத்தத் தெரிந்த ஷோரூமுக்கு இது பெரிய வேலையில்லை என்று தோன்றுகிறது. கணக்குப்பிள்ளை அம்மாதான், "எக்ஸ்சேஞ்ச் வண்டி நிக்கிற எடத்த முதல்ல வேலி போட்டுப் பிரிச்சுக் குடுங்க, அப்புறம் அப்ளிகேஷன் போடலாம்" என்று சொல்லியிருக்கிறார். வேலிக்கு ஆள் சொல்லியாயிற்று.