பானியோனிஸா, புட்ரைட்டிஸா? லிதுவேனியத் திரைநடிப்பின் இரு வழிகள்

லிதுவேனிய நடிகர்களில் யாருடைய படங்களை முதலில் பார்க்கலாம் என்று கேட்டால் என் நினைவுக்கு வருபவர்கள் டொனாடஸ் பானியோனிஸும் யுவோசாஸ் புட்ரைட்டிஸும்தான். இயற்பியலும் கணிதமும் படித்துவிட்டு நடிக்க வந்த ரெகிமான்டாஸ் அடோமைட்டிஸும் அவர்களுக்கு இணையானவரே; ஆயினும் நடிப்புக்குள் நுழைந்த வழியால் ஒருவருக்கொருவர் நேரெதிராக நிற்பவர்கள் இந்த இருவரே.

1960-களின் நடுவில் விட்டௌடாஸ் ஜலாகேவிசியஸ் இயக்கிய ‘யாரும் சாக விரும்பவில்லை’ என்ற படத்தில் இருவரும் சேர்ந்து நடித்தார்கள். போருக்குப் பிந்தைய கிராமம் ஒன்றில் ஊர்த் தலைவர் கொல்லப்படுகிறார். அவருடைய நான்கு மகன்களில் ஒருவராகப் புட்ரைட்டிஸும், சோவியத் ஆட்சியை எதிர்த்துக் காட்டில் மறைந்திருந்த போராளிகளோடு இருந்து திரும்பி, விருப்பமில்லாமலே அந்தப் பதவியில் அமர்த்தப்படும் வைட்குஸாகப் பானியோனிஸும் வருகிறார்கள். அப்போது புட்ரைட்டிஸ் வில்னியஸ் பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்தவர். நடிப்புப் பயிற்சி எதுவும் பெறாதவர். பானியோனிஸுக்கோ அதற்குள் இருபது ஆண்டுகளுக்கும் மேலான மேடை அனுபவம் இருந்தது.

அந்த மேடைதான் பானியோனிஸின் பலம். 1924-இல் கௌனஸில் பிறந்த அவர், 1941-இல் பனேவேஜிஸ் என்ற சிறு நகரத்தின் நாடக அரங்கில் சேர்ந்தார். பாரீஸில் பிரெஞ்சு நாடகக் கலைஞர் ஷார்ல் துய்லானிடம் பயின்று வந்த இயக்குநர் யுவோசாஸ் மில்டினிஸ் அங்கே ஒரு குழுவையே வளர்த்தெடுத்தார். திரைப்புகழ் வந்த பிறகும் பானியோனிஸ் அந்த அரங்கை விட்டுவிடவில்லை. 1980-களில் அதன் தலைமைப் பொறுப்பையும் ஏற்றார். கதாபாத்திரத்தின் மனத்தை முழுமையாக அறிந்துகொண்டு, வெளியே மிகக் கொஞ்சமாகக் காட்டும் அவருடைய பழக்கம் அங்கே ஊறியது என்றே நான் நம்புகிறேன்.

1968-இல் வெளிவந்த ‘உயிரற்ற பருவம்’ படத்தில் பானியோனிஸ் அயல்நாட்டில் சிறைப்பட்ட சோவியத் உளவாளி. பிடிபட்ட உளவாளிகளை இரு தரப்பும் பரிமாறிக்கொள்ளும் காட்சியைப் பாருங்கள். எதிரெதிரே வரும் இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்கிறார்கள். ஒரு சொல்லும் இல்லை. சிறையில் கழிந்த காலம் முழுவதும் பானியோனிஸின் அந்தப் பார்வையில் தெரிகிறது. ரஷ்ய மொழியில் அமைந்த அந்தப் படத்தில் அவருக்குக் குரல் கொடுத்தவர் நடிகர் அலெக்சாண்டர் தெமியானென்கோ. தார்கோவ்ஸ்கி இயக்கிய ‘சோலாரிஸ்’ என்ற விண்வெளிப் படத்திலும் ஒலிப்பது வேறொருவர் குரல்தான். சொந்தக் குரல் இல்லாமலே இவ்வளவு எட்டிய நடிகரை வேறு எங்கே காண்போம்?

புட்ரைட்டிஸின் கவர்ச்சி வேறு வகையானது. ஒல்லியான உடலும் கூர்மையான முகமும் கேமராவுக்கு முன் வந்தவுடனேயே ஒரு மர்மத்தை உண்டாக்கிவிடும். ஷேக்ஸ்பியரின் நாடகத்தைக் கொண்டு கோசின்ட்செவ் இயக்கிய ‘லியர் அரசன்’ படத்தில், லியரின் இளைய மகள் கார்டீலியாவைச் சீதனம் ஏதுமின்றி ஏற்கும் பிரான்சு மன்னராகச் சிறிது நேரமே வந்தாலும் மனத்தில் நிற்கிறார். அதே படத்தில் லியரின் மூத்த மருமகன் அல்பனியாக வரும் பானியோனிஸ், அடங்கிய கணவனாகத் தொடங்கி, மனைவியின் கொடுமையைக் கண்டு மெல்ல மெல்ல நிமிர்கிறார். நம்முன் நடக்கும் மாற்றம் அது. புட்ரைட்டிஸ் தருவது ஒரு தோற்றத்தின் அழுத்தம். பிற்காலத்தில் மாஸ்கோவில் தம் நாட்டின் பண்பாட்டுப் பிரதிநிதியாகப் பல ஆண்டுகள் பணிபுரிந்த அவருக்கு நடிப்பு, வாழ்வின் பல பணிகளில் ஒன்றாகவே இருந்தது.

ஆகவே என் தேர்வு பானியோனிஸ். ‘உயிரற்ற பருவம்’ படத்தில் தொடங்கி, பிறகு ‘சோலாரிஸ்’ படத்துக்கு வாருங்கள். அதன் முடிவில் வீட்டுக்குள்ளே மழை கொட்டுகிறது. தந்தை வெளியே வர, பானியோனிஸ் நடிக்கும் கெல்வின் வாசற்படியில் மண்டியிட்டு அவரை அணைத்துக்கொள்கிறான்.