வீட்டுக்கு வரும் 'இலவசத் தண்ணி டெஸ்ட்': கொழும்புத் தொடர்மாடிகளுக்கான ஒரு மதிப்பீடு

தண்ணியை மெல்லிய சவ்வால் வடித்துக் கரைந்த கனிமத்தையும் நீக்கும் ஆர்.ஓ. ஃபில்டரை வீடு வீடாகக் கொண்டுவந்து விற்கும் கம்பனிகள் கொழும்பில் பல. பேச்சும் சாமானும் ஏறக்குறைய ஒரே அச்சில் வார்த்தவை என்பதால் இங்கே எந்தக் கம்பனியின் பெயரும் இல்லை. மதிப்பிடுவது இரண்டை: மேசையில் செய்துகாட்டும் இலவச டெஸ்ட், பிறகு சுவரில் மாட்டிவிட்டுப் போகும் மெஷின். டெஸ்டுக்கு ஐந்தில் ஒன்று; அந்த ஒன்றும் நடிப்புக்குத்தான். மெஷினுக்கு மூன்று. ஆனால் வெள்ளவத்தை, பம்பலப்பிட்டிப் பக்கம் வாட்டர் போர்ட் தண்ணி வரும் வீட்டுக்கு அந்த மூன்றும் பெரும்பாலும் வீண்.

வருகை எப்போதும் ஒரு பெயரோடு தொடங்கும். "மூண்டாம் மாடி அன்ரிதான் உங்கட நம்பர் தந்தவ." இதற்கு மேல் மறுப்பது கஷ்டம்; நாளைக்கு லிஃப்டில் அந்த அன்ரியின் முகத்தைப் பார்க்கவேண்டும். சனிக்கிழமை பின்னேரம் கேட்பார்கள். கணவன், மனைவி இரண்டு பேரும் வீட்டில் நிற்பார்களா என்பதையும் போனிலேயே உறுதிப்படுத்துவார்கள். 'அவரைக் கேட்டுச் சொல்லுறன்' என்ற பழைய வாசல் அங்கேயே அடைபட்டுவிடும்.

வருவது இரண்டு பேர். மூத்தவர் கழுத்தில் அடையாள அட்டை தொங்கும், சில கம்பனியில் வெள்ளைக் கோட்டும் உண்டு. கூட வரும் பையன் பெட்டியைத் தூக்கிக்கொண்டு அவரை 'சேர்' என்று கூப்பிடுவான். அந்த 'சேர்' வீட்டாருக்காகச் சொல்லப்படுவது. இரண்டு தரம் காதில் விழுந்தால் வீட்டுக்காரரும் சேர் என்றுதான் கூப்பிடுவார். வெள்ளைக் கோட்டைக் கண்டால் கதிரையை இழுத்துப் போடுவது எங்கள் வீடுகளில் ஊறிய பழக்கம்.

முதல் கேட்பது ஒரு கிளாஸ் தண்ணி. பிறகு இன்னொரு வெறும் கிளாஸ். பிறகு பிளக் போட ஒரு இடம். பிறகு "பிள்ளையையும் கூப்பிடுங்க அன்ரி, அவவும் பாக்கட்டும்." ஒவ்வொன்றும் மறுக்க முடியாத அளவுக்குச் சின்னது. கலிபோர்னியாவில் 1966இல் ஃபிரீட்மன், ஃபிரேசர் என்ற இரண்டு உளவியலாளர்கள் வெளியிட்ட ஆய்வு இதைத்தான் அளந்தது. வீட்டு முற்றத்தில் 'கவனமாக ஓட்டுங்கள்' என்று ஒரு பெரிய, அவலட்சணமான பலகை நட விடுவீர்களா என்று நேராகக் கேட்டபோது ஒப்புக்கொண்டவர்கள் ஏறக்குறைய 17 வீதம். அதே விடயத்தில் ஒரு குட்டி அட்டையை முன்னமே வாங்கி வைத்தவர்களிடம் கேட்டபோது 76 வீதம். கிளாஸ் கொடுத்த கைதான் கடைசியில் கையெழுத்தும் போடும்.

இனி மேசைக்கு வருவோம். நான்கு கம்பிகள் தொங்கும் ஒரு கறுப்புப் பெட்டி; இரண்டு இரும்பு, இரண்டு அலுமினியம். இடது கிளாஸில் குழாய்த் தண்ணி, வலதில் அவர்கள் போத்தலில் கொண்டுவந்த ஆர்.ஓ. தண்ணி. கம்பிகளை இரண்டிலும் இறக்கி சுவிட்சைப் போடுவார்கள். வலது கிளாஸ் அப்படியே கிடக்கும். இடதில் இரும்புக் கம்பியைச் சுற்றி முதலில் பச்சை கலந்த புகை மாதிரி ஒன்று இறங்கும், பிறகு மண்ணிறம், பிறகு மேலே நுரை கட்டிய அழுக்கு. கொழும்புத் தண்ணி கனிமம் குறைந்த மென்நீர் என்பதால் நிறம் ஏறச் சற்று நேரம் எடுக்கும். அந்த நேரம் வீணாகாது. "அன்ரி, இதைத்தானே பிள்ளைக்கும் குடுக்கிறீங்க?"

அந்த அழுக்கு தண்ணியில் இருந்தது இல்லை, கம்பியில் இருந்து வந்தது. மின்சாரம் ஓடும்போது இரும்பு கரைந்து ஐதரொட்சைட்டாகப் படிகிறது, துருதான் அது. கனிமம் கரைந்த தண்ணி மின்சாரத்தைக் கடத்தும், அதனால் கம்பி கரையும். கனிமம் எடுத்த ஆர்.ஓ. தண்ணி கடத்தாது, அதனால் ஒன்றும் நடக்காது. கிருமி, ஈயம், பூச்சிமருந்து எதையும் இந்தப் பெட்டி காட்டாது. பிடிக்க எளிய வழி: குசினியில் இருந்து ஒரு சிட்டிகை உப்பைக் கொண்டுவந்து, அவர்களுடைய 'சுத்தமான' கிளாஸில் போட்டுக் கலக்கி, திரும்ப சுவிட்சைப் போடச் சொல்லுங்கள். குழாய்த் தண்ணியை விட வேகமாக அது கறுக்கும். செய்ய விடமாட்டார்கள், விடாததே விடை. பெட்டி 230 வோல்ட் பிளக்கில் ஓடுகிறது, ஆகவே உப்புப் போடமுன் பிளக்கைக் கழற்றச் சொல்லவேண்டும். கிளாஸுக்குள் விரல் வைக்கவே கூடாது.

அடுத்தது பேனா மாதிரி இருக்கும் டி.டி.எஸ். மீற்றர். இது மோசடிச் சாமான் இல்லை, ஆனால் சொல்லும் கதை வேறு. தண்ணி எவ்வளவு மின்சாரம் கடத்துகிறது என்று பார்த்து, அதை ஒரு காரணியால் பெருக்கி, கரைந்த கனிமம் லீற்றருக்கு இத்தனை மில்லிகிராம் என்று எண் போடுகிறது. உலக சுகாதார நிறுவனம் 600க்குக் கீழே இருந்தால் குடிக்க நல்ல ருசி என்றும், 1000ஐத் தாண்டினால் ருசி கெடும் என்றும் சொல்கிறது. அது பேசுவது ருசியைப் பற்றி. காலி முகத்திடலில் வாங்கின ஒரு செவ்விளநீரில் அதே மீற்றரை வையுங்கள். ஆயிரக்கணக்கில் எண் காட்டும், அல்லது அளவு தாண்டிவிட்டது என்று நிற்கும். பொட்டாசியம் அவ்வளவு. செவ்விளநீர் விஷம் என்று எந்தச் சேரும் சொல்லமாட்டார்.

மூன்றாவது மஞ்சள் சொட்டு. இரண்டு சொட்டு விட்டதும் குழாய்த் தண்ணி மஞ்சளாகும்: "குளோரின், பாருங்க." பிறகு பிள்ளையின் விரலை இன்னொரு கிளாஸில் கொஞ்ச நேரம் வைக்கச் சொல்லி, திரும்பச் சொட்டு விட்டால் மஞ்சள் வராது. "பாத்தீங்களா, தோல் உறிஞ்சிட்டுது." தோல் ஒன்றையும் உறிஞ்சவில்லை. விரலில் உள்ள வியர்வை, எண்ணெய், அழுக்கோடு சேர்ந்து குளோரின் செலவாகிவிட்டது. அதன் வேலையே அதுதான். வீட்டுக் குழாய்க்கு வந்துசேரும்போது லீற்றருக்கு 0.2 மில்லிகிராமாவது மிஞ்சவேண்டும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் கணக்கு, மேல் எல்லை 5. மஞ்சள் வந்தால் நிம்மதியாக இருக்கலாம். வராவிட்டால்தான் தாங்கியைப் போய்ப் பார்க்கவேண்டும்.

இவ்வளவு எளிதில் உடைகிற வித்தை, படித்த வீடுகளிலும் எப்படி ஓடுகிறது? உளவியலாளர் ஸ்டான்லி மில்கிரம் 1961இல் யேல் பல்கலைக்கழகத்தில் தொடங்கிய சோதனைகளைப் பலரும் கேள்விப்பட்டிருப்பார்கள். சாம்பல் கோட் போட்ட ஒருவர் 'தொடருங்கள்' என்று சொல்லச் சொல்ல, அடுத்த அறையில் உள்ளவருக்கு 15 வோல்ட் 15 வோல்ட்டாகக் கூட்டி அதிர்ச்சி கொடுக்கவேண்டும். அதிர்ச்சி பொய், கொடுப்பவருக்கு அது தெரியாது. 40 பேரில் 26 பேர் 450 வோல்ட் வரை போனார்கள். வீட்டில் உட்கார்ந்து ஃபில்டர் பேச்சுக் கேட்பவருக்குப் பயன்படுவது அந்தப் பிரபலமான எண் இல்லை, பிறகு மாற்றி மாற்றிச் செய்த சோதனைகள். கோட்காரர் அறையை விட்டுப் போய் டெலிபோனில் கட்டளை சொன்னபோது கடைசி வரை போனவர்கள் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்குதான். கூட இருந்த இரண்டு பேர் இடையில் 'நான் மாட்டேன்' என்று எழும்பியபோது 40இல் வெறும் 4. அதிகாரத்தின் பலம் அது அறைக்குள் நிற்கும் வரைக்கும்தான்.

விற்பனைப் பயிற்சி கொடுப்பவர்களுக்கும் இது தெரியும். அதனால்தான் முடிவு 'இண்டைக்கே' வேண்டும். விலை சொல்லும் கட்டம் எப்போதும் இப்படி:

"அன்ரி, விலை இது. ஆனா இண்டைக்கு புக் பண்ணினா மட்டும் ஒரு டிஸ்கவுண்ட் கேட்டுப் பாக்கிறன்."

"தம்பி, நாளைக்குச் சொல்லுறனே."

"நாளைக்கு எனக்குத் தர ஏலாது. பொறுங்க, மனேஜருக்கு எடுக்கிறன்."

போனை ஸ்பீக்கரில் போட்டு, மனேஜர் முதலில் மறுத்து, பையன் கெஞ்சி, கடைசியில் மனேஜர் இறங்குவார். பையன் உங்கள் பக்கம் நின்று போராடியதுபோல் ஆகிவிடும். இனி வேண்டாம் என்றால் அவனைக் கைவிட்ட குற்றம் நம் தலையில். நடுவில் குடிக்கக் கொடுத்த தேத்தண்ணி வேறு. இந்த இடத்தில் தண்ணியின் தரம் பற்றிய கேள்வி எங்கேயோ போயிருக்கும். செய்யவேண்டியது ஒன்றுதான்: விலையை, உதிரிப்பாகங்களின் விலையோடு, கம்பனித் தாளில் எழுதி வாங்கி, அவர்களை வாசல் வரை வழியனுப்பி, பிறகு யோசிப்பது. எழுதித் தர மறுத்தால் யோசிக்கவும் தேவையில்லை. அப்படிப் பேசும்போது பக்கத்து வீட்டு அண்ணன் ஒருவரைச் சும்மா வந்து இருக்கச் சொல்வதும் நல்லது. அவர் கேட்கும் ஒரு எதிர்க்கேள்வி பாதி வேலையை முடித்துவிடும்.

பயமுறுத்தும் பகுதியையும் பிரித்துப் பார்க்கவேண்டும். அனுராதபுரம், பொலன்னறுவைப் பக்கம் 1990களில் இருந்து அறியப்பட்ட சிறுநீரக நோயைக் காட்டுவார்கள். வீட்டார் யாழ்ப்பாணம் என்று தெரிந்தால் "சுன்னாகத் தண்ணி தெரியும்தானே" என்று, அங்கே கிணறுகளில் எண்ணெய் கலந்த கதையை எடுப்பார்கள். இரண்டும் உண்மையான துயரங்கள். ஆனால் இரண்டும் நிலத்தடி நீரின் கதை. வறள் வலயத்துக் கிணறுகளில் புளோரைட்டும் கடினத்தன்மையும், யாழ்ப்பாணத்துச் சுண்ணாம்புக்கல் கிணறுகளில் நைத்திரேற்றும் இருக்கிறது; அங்கே ஆர்.ஓ.வுக்கு வேலை உண்டு, கொதிக்கவைத்தாலும் நைத்திரேற்று போகாது. கொழும்புக்கு வருவது களனி கங்கையில் அம்பத்தளையில் எடுத்துச் சுத்திகரித்த தண்ணியும், லபுகம, களட்டுவாவ நீர்த்தேக்கத் தண்ணியும். கடும் வரட்சியில் அம்பத்தளை வரை உப்பு ஏறும் ஆபத்து இருக்கிறது. மற்றபடி ஊர்க் கிணற்றின் பயத்தைக் கொழும்புக் குழாயில் மாட்டுவதற்கு ஆதாரம் இல்லை.

கொழும்பு மாடிவீட்டின் உண்மையான பிரச்சினை கட்டடத்துக்குள் இருக்கிறது. கீழே சம்ப் என்ற நிலத்தடித் தொட்டி, மேலே தாங்கி. மூடி சரியாக மூடாது, உள்ளே கரப்பான், அடியில் சேறு. அதை ஆறு மாதத்துக்கு ஒருமுறை வடித்து, தேய்த்து, குளோரின் போட்டு 24 மணிநேரம் விட்டு, கழுவி எடுத்தால் முக்கால்வாசிக் கவலை தீரும். முகாமைத்துவக் கமிட்டியிடம் கடைசியாகக் கழுவிய திகதியைக் கேளுங்கள். பதில் வராது, ஆனால் கேட்கவேண்டும். குடிக்கும் தண்ணிக்கு, நன்றாகக் குமிழி வந்த பிறகு ஒரு நிமிடம் கொதித்தால் கிருமிக்குப் போதும். குளோரின் மணம் பிடிக்காவிட்டால் காபன் ஃபில்டர் ஒன்று போதும்.

இவ்வளவுக்கும் பிறகு மெஷின் வேண்டும் என்றால், குழாய்க்கிணற்றுத் தண்ணி கலக்கும் கட்டடங்களில் அதற்கு நியாயம் உண்டு. சாமான் வேலை செய்யும். ஒரு லீற்றர் எடுக்க மூன்று லீற்றர் வரை சிங்குக்குள் போகும் என்பதை விற்பவர் சொல்லமாட்டார். உதிரிப்பாகங்கள் தாக்குப்பிடிக்கும் காலம்: முதல் படியான 5 மைக்ரோன் பஞ்சு காட்ரிஜ் மூன்று முதல் ஆறு மாதம், காபன் ஆறு மாதம் முதல் ஒரு வருடம், கனிமத்தைத் தடுக்கும் சவ்வான மெம்பிரேன் இரண்டு மூன்று வருடம், கிருமியைக் கொல்லும் யூ.வி. லாம்ப் இருந்தால் அது ஒரு வருடம். லாம்ப் எரிந்துகொண்டிருந்தாலும் வருடம் கழித்து அதன் வீரியம் இறங்கியிருக்கும். குளோரினைக் காபன் எடுத்துவிடுவதால் மெஷினின் சேமிப்புத் தாங்கிக்குப் பாதுகாப்பு இல்லை. ஊருக்குப் போய் இரண்டு கிழமை கழித்து வந்தால் அதை முழுக்க வடித்துவிடவேண்டும்.

சேர்விஸுக்கு வருபவர் அதே அதிகாரத்தின் இரண்டாம் பாகம். "மெம்பிரேன் போயிட்டுது" என்பார். இங்கேதான் டி.டி.எஸ். மீற்றர் நமக்கு உதவும். ஒன்று சொந்தமாக வாங்கி வையுங்கள். உள்ளே போகும் தண்ணி 100, வெளியே வருவது 8 என்றால் 92 வீதம் தடுக்கிறது, மெம்பிரேன் நல்லது. 80 வீதத்துக்குக் கீழே இறங்கினால் மாற்றும் பேச்சைப் பேசலாம். இரண்டு சூட்சுமம் உண்டு. இரவு முழுக்க நின்ற மெஷினில் காலை வரும் முதல் தண்ணியில் எண் கூடத்தான் இருக்கும். ஐந்து நிமிடம் ஓடவிட்டுப் பிறகு அளக்கவேண்டும். கனிமம் சேர்க்கும் காட்ரிஜ் கடைசியில் இருந்தால் அதற்கு முன்னால் உள்ள குழாயில் அளக்கவேண்டும், இல்லாவிட்டால் நல்ல மெம்பிரேனும் செத்ததுபோல் காட்டும். காலை எட்டு மணிக்கு வந்து முதல் கிளாஸிலேயே மீற்றரைப் போடுபவரிடம் "கொஞ்சம் ஓட விடுங்க தம்பி" என்று சொல்லுங்கள்.

ஏமாற்று விற்பனை என்றால் நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபையின் இலக்கம் 1977. குழாய்த் தண்ணியிலேயே நிறமோ மணமோ இருந்தால் வாட்டர் போர்ட்டின் 1939. உண்மையான டெஸ்ட் வேண்டுமானால் ஆய்வுகூடத்துக்குக் காசு கட்டித்தான் செய்யவேண்டும். கிருமிப் பரிசோதனைக்கு வீட்டுப் போத்தல் சரிவராது, ஆய்வுகூடம் தரும் கிருமிநீக்கிய போத்தலையே வாங்குங்கள். குழாயின் வாயைத் துடைத்து, இரண்டு மூன்று நிமிடம் ஓடவிட்டு, மூடியின் உள்பக்கம் விரல் படாமல் நிரப்பி, ஐஸ் பெட்டியில் வைத்து, முடிந்தால் ஆறு மணிநேரத்துக்குள் கொண்டுபோய்க் கொடுக்கவேண்டும். போத்தலின் அடியில் கொஞ்சம் வெள்ளைத் தூள் கிடந்தால் அழுக்கு என்று நினைத்துக் கழுவிவிடாதீர்கள். வழியில் குளோரின் கிருமியைக் கொன்று கணக்கைப் பிழையாக்காமல் நிறுத்தும் தயோசல்பேற்று அது.